பேராசிரியர் சனிக்கிழமை வரமாட்டார்

மரியாதைக்கும் செல்லத்துக்கும் பொதுவான என் மாமா அவர்களுக்கு,

உங்கள் அக்காவின் ஒரே மகள் பணிவுடன் எழுதிக்கொள்வது. பணிவு இந்த வரியோடு முடிகிறது. இங்கு அனைவரும் சுகம். அங்கும் சுகம்தான் என்று தெரியும், ஏனென்றால் அங்கு என்பது எங்களுக்கு இரண்டு மாடி கீழே. காலையில் நீங்கள் தொண்டையைச் செருமுவது எங்கள் குளியலறைக் குழாய் வழியாகத் தினமும் வந்து சேர்கிறது. இவ்வளவு பக்கத்தில் இருந்துகொண்டு எதற்குக் கடிதம், இறங்கி வந்து சொன்னால் ஆகாதா என்று கேட்பீர்கள். வந்தேன் மாமா. இந்த வாரத்தில் மூன்று தடவை உங்கள் வீட்டு மணியை அடித்துவிட்டு ஓடிப்போனது நான்தான். வழக்கமாக அதை விளையாட்டுக்குச் செய்வேன். இந்த மூன்று தடவையும் பயத்தில் செய்தேன்.

முதலில் வேலை நிலவரம். உங்கள் முதல் ராப் ஆல்பமான 'பழுதுபார்ப்பு நடக்கிறது' இணையத்தில் இருப்பது மானக்கேடு, சனிக்கிழமை புது ஆல்பம் வெளிவருவதற்குள் அதை அழித்துவிடு என்று போன ஞாயிற்றுக்கிழமை என்னிடம் ஒப்படைத்தீர்கள். அன்றைக்கு அதை ஏற்றியவளும் நான், கணக்கு இருப்பதும் என் பெயரில், அதனால் அழிக்கும் பாக்கியமும் எனக்கே. மொத்தம் பதினோரு பாட்டு. இதுவரை அழித்தது பூஜ்யம். அடுத்து, விழாவுக்குத் தலைமை தாங்க வருவதாக நீங்கள் நம்பிக்கொண்டிருக்கும் ஓய்வுபெற்ற இசைப் பேராசிரியர் வரமாட்டார். அவருக்கு முட்டிவலி என்று எழுதியிருந்தாரே, அது பொய். அவருக்கு முட்டியே கிடையாது. முட்டிக்கு மேலேயும் எதுவும் கிடையாது. அந்த ஆள் நான்தான்.

தண்ணீர் குடித்துவிட்டு வாருங்கள். நானும் குடித்துவிட்டு வருகிறேன்.

நடந்தது இதுதான். மூன்று வருடத்துக்கு முன்னால் அத்தையும் நீங்களும் பிரிந்து, நீங்கள் ஒரு பெட்டியோடும் ஒரு மைக்கோடும் எங்கள் வீட்டுக்கு வந்தபோது எனக்குப் பதின்மூன்று வயது. உங்களுக்கு என் அறையைக் கொடுத்தார்கள். எனக்குக் கூடத்து சோபாவைக் கொடுத்தார்கள். நான் ஒன்றும் சொல்லவில்லை, ஏனென்றால் சொல்ல வேண்டாம் என்று அம்மா கண்ணாலேயே சொல்லிவிட்டாள். உங்களுக்குக் கை நடுங்குகிறது என்று உங்கள் லிப்ட் பழுதுபார்க்கும் கம்பெனியில் லிப்ட் குழிக்குள் இறங்க விடாமல், லிப்டுக்குள் மாட்டிக்கொண்டவர்கள் கூப்பிடும் போனை எடுக்கும் வேலையில் உட்கார வைத்திருந்தார்கள். அதுவரை சரி, பாவம் மாமா என்று நானும் நினைத்தேன். ஆனால் துணிகள் எதிரொலியைக் குடித்துவிடும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு நீங்கள் என் அலமாரியைப் பாடல் பதிவு அறையாக மாற்றினீர்கள் பாருங்கள், அங்கேதான் எனக்கும் இசைக்கும் விரோதம் தொடங்கியது. ஆல்பம் முடிந்து நீங்கள் கீழே தனி வீடு பார்த்துப் போகும்வரை ஐந்து மாதம் மாமா. என் துணிகள் நடுவில் நீங்கள் உட்கார்ந்து கத்திக்கொண்டிருந்தீர்கள். பள்ளிக்கூடத்துக்குப் போனால் என் சட்டையில் உங்கள் வியர்வையும் பூச்சி உருண்டையும் கலந்து வீசும். என் தோழிகள் எனக்கு 'அலமாரி' என்று பட்டப்பெயர் வைத்தார்கள். இதற்கு நான் பழிவாங்காமல் இருந்தால்தான் நீங்கள் கவலைப்பட்டு டாக்டரிடம் காட்டியிருக்க வேண்டும்.

ஆல்பம் வெளியான மறுநாள், அதே தளத்தில் எழுபத்தொரு வயதுப் பேராசிரியராகப் பதிவு செய்துகொண்டு ஒரு விமர்சனம் எழுதினேன். அப்பாவின் பழைய அகராதியை மடியில் வைத்துக்கொண்டு எழுதியதால் நடை கொஞ்சம் மீசை வைத்துக்கொண்டது. 'தாளம் கிழக்கே போகிறது, கவிஞர் மேற்கே போகிறார், பாட்டின் முடிவில் இருவரும் சந்தித்து அடையாளம் தெரியாமல் விலகிச் செல்கிறார்கள்' என்று எழுதியது நினைவிருக்கும். 'இவருக்கு எண்ணத் தெரியவில்லை' என்றும் எழுதினேன். படித்துவிட்டு நீங்கள் சிரிப்பீர்கள், அப்புறம் இது என் வேலைதான் என்று கண்டுபிடித்து என்னைத் துரத்துவீர்கள், நான் சோபாவைச் சுற்றி ஓடுவேன், அதோடு முடிந்துவிடும் என்பதுதான் திட்டம். ஆனால் அன்று சாப்பாட்டு மேசையில் நீங்கள் அதைச் சத்தமாக, முதலிலிருந்து கடைசிவரை படித்தீர்கள்.

"யாருடா அந்த ஆளு, இப்படிக் கிழிச்சுத் தொங்க விட்டிருக்கான்?" என்றாள் அம்மா.

"கிழிக்கலக்கா. கேட்டிருக்காரு," என்றீர்கள். "ஒரு பெரிய மனுஷன் வேலவெட்டிய விட்டுட்டு உக்காந்து பதினோரு பாட்டும் கேட்டிருக்காரு."

அப்பா தட்டைப் பார்த்தபடி, "நானும் கேக்கணும்னுதான் இருந்தேன் மாப்ள, ஹெட்போன்ல ஒரு காது வேல செய்யல," என்றார். மூக்குக் கண்ணாடிக் கடை வைத்திருப்பவர் காதைக் குறை சொன்னதற்குச் சிரித்தது நான் ஒருத்திதான். ஆனால் மாமா, இந்தக் கடிதத்திலேயே எழுதக் கூசுவது இதைத்தான்: பெரிய மனுஷனும் கேட்கவில்லை. மூன்று பாட்டு கேட்டேன். மற்றதையெல்லாம் கூடத்துச் சோபாவில் படுத்துக்கொண்டு சுவர் வழியாகக் கேட்ட இரைச்சலை வைத்து உத்தேசமாக எழுதினேன்.

அத்தோடு நீங்கள் விட்டிருக்கலாம். விடவில்லை. அந்தத் தளம் வழியாகவே பேராசிரியருக்குக் கடிதம் எழுதினீர்கள். ஐயா, என் குறைகளைத் திருத்திக்கொள்ள வழி சொல்லுங்கள் என்று. விமர்சனத்தின் கீழே பேராசிரியர் பெயருக்குப் பதில் என் பெயர் வந்திருந்தால் கூட அவ்வளவு திடுக்கிட்டிருக்க மாட்டேன். பதில் போடாமல் இருந்திருக்கலாம்தான். ஆனால் என் வாழ்க்கையில் அதுவரை யாரும் என்னை 'ஐயா' என்று கூப்பிட்டதில்லை. மாதம் ஒரு கடிதம் என்று ஆரம்பித்தது, இரண்டரை வருடத்தில் உங்களுடையது முப்பத்தொன்று, என்னுடையது இருபத்தொன்பது. கத்தாதீர்கள் என்று எழுதினேன், அடுத்த வாரமே கத்துவதை நிறுத்தினீர்கள். லிப்டைப் பற்றிப் பாடாதீர்கள், கவிதைக்கு நட்டும் போல்ட்டும் ஆகாது என்று எழுதினேன், அதையும் விட்டீர்கள். ஒவ்வொரு வாக்கியத்தையும் எழுவாய் பயனிலையோடு முடியுங்கள் என்று எழுதியது எனக்கு மறுநாள் இலக்கணப் பரீட்சை இருந்ததால். அதற்கப்புறம் நீங்கள் வீட்டில் பேசுவதே அறிவிப்புப் பலகை மாதிரி ஆகிவிட்டது. முன்னே எல்லாம் "ஏய் குட்டிச்சாத்தான், தண்ணி எடு" என்பீர்கள். இப்போது "எனக்குக் கொஞ்சம் தண்ணீர் வேண்டும்" என்கிறீர்கள். அம்மா அதைப் பார்த்து, "தம்பி தேறிட்டான்" என்று சந்தோஷப்படுகிறாள். எனக்கு மட்டும் அது ஏன் யாரோ வாடகைக்கு வந்த ஆள் பேசுவது மாதிரி இருக்கிறது என்று புரியவில்லை.

போன ஞாயிறு 'நிதானம்' என்ற புது ஆல்பத்தை எங்களுக்குப் போட்டுக் காட்டினீர்கள். பத்துப் பாட்டு, எல்லாம் மூன்றரை நிமிடம், ஒன்றுகூடத் தாளம் தப்பவில்லை, ஒரு சொல்கூடப் புரியாமல் போகவில்லை. "இப்பதான்டா என்ன சொல்றன்னே வெளங்குது," என்றாள் அம்மா. "நல்லாருக்கு மாப்ள, தொந்தரவே இல்ல," என்றார் அப்பா. நீங்கள் என் பக்கம் திரும்பி, "பேராசிரியருக்குப் பிடிக்குமா?" என்று கேட்டீர்கள். பேராசிரியர் சோபாவில் உட்கார்ந்து விழித்துக்கொண்டிருந்தார் மாமா. அவருக்குப் பிடித்திருக்க வேண்டும், எல்லாம் அவர் சொன்னபடியே இருந்தது. ஆனால் எனக்கு, ஆங்காங்கே 'தொடர எண் ஒன்றை அழுத்தவும்' என்று சொல்லிவிடுவீர்களோ என்றுதான் தோன்றிக்கொண்டே இருந்தது. அன்றைக்குத்தான் பழையதை அழிக்கச் சொன்னீர்கள். உங்கள் கம்பெனி கேன்டீனில் விழா, முன்வரிசை நடுவில் பேராசிரியருக்கு நாற்காலி என்றீர்கள். அவருக்கு முட்டிவலி என்று அவசரமாக அன்று மாலையே ஒரு கடிதம் எழுதினேன். "கவலையே வேண்டாம் ஐயா, அந்தக் கட்டட லிப்டை நானே சரிபார்த்து வைக்கிறேன்" என்று பதில் போட்டீர்கள். ஊரில் எத்தனையோ தொழில் இருக்க, எனக்கு வாய்த்த மாமா லிப்ட் மெக்கானிக்.

சரி, புதன்கிழமை பள்ளி விட்டு வந்து அழிக்க உட்கார்ந்தேன். அந்தத் தளத்தில் ஒரு கிறுக்குத்தனம் இருக்கிறது. மொத்தமாக அழிக்க முடியாது. ஒவ்வொரு பாட்டாகத் திறக்க வேண்டும், திறந்தால் அது பாட ஆரம்பித்துவிடும், பாடி முடித்த பிறகுதான் அழிக்கும் பொத்தான் உயிர் பெறும். இப்படித்தான், விமர்சனம் எழுதி இரண்டரை வருடம் கழித்து, விமர்சகர் முதன்முதலாக முழு ஆல்பத்தையும் கேட்டார்.

முதல் பாட்டில் நீங்கள் மாடிகளை எண்ணுகிறீர்கள். ஒன்று, இரண்டு, நாலு, ஐந்து. இதைத்தான் எண்ணத் தெரியவில்லை என்று எழுதினேன். புதன்கிழமை கேட்கும்போது திடீரென்று உறைத்தது, நீங்களும் அத்தையும் குடியிருந்தது மூன்றாவது மாடி. ஒவ்வொரு தடவை எண்ணும்போதும் லிப்ட் அங்கே நிற்காமல் போகிறது. உடனே சந்தேகமும் வந்தது, நிஜமாகவே மறந்துபோய்விட்டீர்களோ என்னவோ, அந்த மாதங்களில் நீங்கள் செருப்பைக் கூட மாற்றிப் போட்டுக்கொண்டு போனவர். நாலாவது பாட்டில் நாலு நிமிடமும் ஒரே பேச்சு: "பயப்படாதீங்க, கதவத் தள்ளாதீங்க, ஆள் வந்துக்கிட்டே இருக்கு." ராப்பே இல்லை. வேலையில் போனில் சொல்வதை வார்த்தைப் பஞ்சத்துக்கு எடுத்துப் போட்டுவிட்டீர்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். மூன்றாவது நிமிடத்தில்தான், அதை நீங்கள் உங்களுக்கேதான் சொல்லிக்கொள்கிறீர்களோ என்று தோன்றியது. ஆள் வரவே இல்லை. பாட்டு முடிந்துவிடுகிறது. அழிக்கும் பொத்தான் வந்தது, நான் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன், அது போய்விட்டது.

இதெல்லாம் படித்துவிட்டு, ஆல்பம் பிரமாதம் என்று சொல்லப் போகிறேன் என்று நினைத்துவிடாதீர்கள். எட்டாவது பாட்டை எந்தக் கோர்ட்டும் மன்னிக்காது. வயிறு, கயிறு, உயிரு என்று பதினான்கு தடவை வருகிறது, எண்ணினேன். ஒன்பது நிமிடம் ஓடும் பாட்டில் ஆறு நிமிடம் அத்தையின் வக்கீல் கட்டியிருந்த டையைத் திட்டுகிறீர்கள். அந்த டை உங்களுக்கு என்ன செய்தது? ஆறாவது பாட்டில் அத்தையைப் பற்றி மூன்று வரி இருக்கிறது, அது வெறும் தப்பு மாமா. அத்தை அப்படிப்பட்டவங்க இல்லை. என் பரீட்சை முடிவு வந்ததும் இன்றைக்கும் முதல் போன் அவங்களுடையது. அந்தப் பாட்டை மட்டும் சந்தோஷமாக அழிக்கலாம் என்று விரலை வைத்துவிட்டு, சும்மா பத்தாவது பாட்டுவரை போய்ப் பார்ப்போம் என்று போனால், அங்கே நீங்களே 'ஆறாவதுல சொன்னது பொய்' என்கிறீர்கள். ஆறை அழித்தால் பத்து எதை மறுக்கிறது என்று யாருக்கும் விளங்காது. பத்தை விட்டுவிட்டால் ஆறு இருந்தாக வேண்டும். தப்பும் தப்பை ஒத்துக்கொள்வதும் இப்படிக் கை கோத்துக்கொண்டு நின்றால் நான் யாரைப் பிடித்துத் தள்ளுவது?

இனி ஐந்தாவது பாட்டு. இதைப் பற்றி விமர்சனத்தில், 'நடுவில் தெருவில் போகும் ஏதோ வாண்டின் கூச்சல், பொறுப்பற்ற ஒலிப்பதிவு' என்று எழுதியிருந்தேன். சுவர் வழியாக அப்படித்தான் கேட்டது. புதன்கிழமை ஹெட்போனில் கேட்டேன். நீங்கள் யாருமில்லை யாருமில்லை என்று கத்திக்கொண்டே போகிறீர்கள், பீட் ஏறிக்கொண்டே போகிறது, திடீரென்று டொக் டொக்கென்று ஒரு சத்தம். "மாமா, கதவத் திறங்க, எனக்கு யூனிபார்ம் வேணும், பஸ் போயிடும்." தெரு வாண்டு நான்தான். பீட் நிற்கிறது. ஹேங்கர் உரசும் சத்தம். "இந்தாடா கண்ணு, சாக்ஸ் ஒண்ணுதான் இருக்கு," என்று உங்கள் சாதாரணக் குரல். "இன்னொண்ணு மேல நீங்க உக்காந்திருக்கீங்க மாமா," என்று நான். அப்புறம் நீங்கள் சிரிக்கிறீர்கள். ஐம்பத்து மூன்று நிமிட ஆல்பத்தில் நீங்கள் சிரிப்பது அந்த ஒரு இடத்தில்தான். அதை வெட்டி எறிந்திருக்கலாம், எல்லோரும் அப்படித்தான் செய்வார்கள். நீங்கள் விட்டு வைத்திருக்கிறீர்கள். அதற்கப்புறம் பாட்டு மறுபடி ஆரம்பிக்கும்போது 'யாருமில்லை' என்ற வரி வரவே இல்லை. வேறு ஏதோ பாடுகிறீர்கள், தாளத்தில் உட்காராமல், வாயில் வந்ததை.

அன்றிலிருந்து என் மண்டைக்குள் சண்டை. இது மோசமான ஆல்பம் என்று பேராசிரியர் சொல்கிறார், தாளத்தைக் காட்டி நிரூபிக்கவும் செய்கிறார், அவர் சொல்வது எதுவும் பொய் இல்லை. ஆனால் கேட்டு முடித்ததிலிருந்து 'நிதானம்' எனக்கு ஒரு வரி கூட நினைவில் இல்லை, இதுவோ பல் தேய்க்கும்போது கூட வருகிறது, அந்த டை உட்பட. தப்பே இல்லாதது மறந்துபோகிறது, தப்பாக இருப்பது தங்கிவிடுகிறது என்றால், தப்பு என்பதற்கு நான் படித்த அர்த்தம் சரிதானா? அல்லது என் குரல் அதில் இருக்கிறது என்பதால் எனக்குப் பிடிக்கிறதா? அப்படியானால் அது ரசனையா சுயநலமா? பேராசிரியரும் நானும் ஒரே ஆள் என்பதால் இதை மூன்றாவது ஆளிடம்தான் கேட்க வேண்டும். வகுப்பில் எனக்குப் பக்கத்தில் உட்காருபவளிடம் கேட்டேன். "உங்க மாமா இப்ப நல்லாருக்காரா?" என்று மட்டும் திருப்பிக் கேட்டாள். நல்லா இருக்கார் என்றேன். சொன்ன பிறகு, அது உங்கள் குரலா இல்லை பேராசிரியர் உங்களுக்கு எழுதிக் கொடுத்த குரலா என்று எனக்கே குழம்பிவிட்டது. அதனால்தான் இந்தக் கடிதம். என்னால் ஒரு ஆல்பம் போனால் பரவாயில்லை, ஒரு மாமா போய்விடக் கூடாது.

ஆகவே கீழ்க்கண்டவாறு அறிவிக்கிறேன். பேராசிரியர் இன்றோடு பதவி விலகுகிறார். அவர் கொடுத்த இருபத்தொன்பது கடித அறிவுரைகளும் ரத்து, எழுவாய் பயனிலை உள்பட. கேன்டீனில் அவருக்குப் போட்ட நாற்காலியை எடுத்துவிடுங்கள், அல்லது அத்தையைக் கூப்பிட நினைத்தால் கூப்பிடுங்கள், அது என் வேலை இல்லை, இருந்தாலும் சொன்னேன். என்னைத் துரத்துவதானால் தயவுசெய்து மாடிப்படியில் துரத்தவும், சோபாவைச் சுற்றி ஓட இப்போது எனக்கு உயரம் அதிகம். பழைய ஆல்பத்தைப் பொறுத்தவரை, அது உங்களுடையது, உங்கள் வலி, உங்கள் டை. வைத்திருப்பதா அழிப்பதா என்ற முடிவை முழுவதும் உங்கள் கையில் விட்டுவிடுகிறேன். இதில் நான் குறுக்கே நிற்க மாட்டேன். சத்தியமாக.

வயதில் சிறியவளாக இருப்பதால் உங்களை ஆசீர்வதிக்க எனக்கு உரிமை இல்லை. பேராசிரியருக்கு எழுபது தாண்டிவிட்டது என்பதால், போகிற போக்கில் அவர் ஆசீர்வதித்துவிட்டுப் போகிறார்: குரல் நீடூழி வாழ்க, கை நடுங்காமல் இருக்கட்டும். அம்மாவுக்கு இதைப் பற்றி மூச்சு விட வேண்டாம். அப்பாவிடம் சொன்னாலும் ஆபத்தில்லை, ஒரு காதில்தான் விழும்.

இப்படிக்கு,
தங்கள் அக்கா மகளும் முன்னாள் பேராசிரியருமான
குட்டிச்சாத்தான்

பின்குறிப்பு: முடிவு உங்க கைலன்னு மேல எழுதினதுக்கும் சத்தியம் பண்ணினதுக்கும் நடுவுல ஒரு வேல செஞ்சேன். கணக்கோட பாஸ்வேர்ட மாத்திட்டேன். புது பாஸ்வேர்ட் அந்த ஆல்பத்துக்குள்ளதான் இருக்கு, ஏதோ ஒரு பாட்டுல நீங்க சொல்ற ஏதோ ஒரு வார்த்த. எதுன்னு சொல்ல மாட்டேன், கேட்டா உங்களுக்கே தெரியும். இத்தன வருஷத்துல நீங்களே அத ஒரு தடவகூட முழுசாத் திருப்பிக் கேக்கலன்னு எனக்குத் தெரியும், தளத்துல எத்தன பேர் முழுசாக் கேட்டாங்கன்னு காட்டுது, நான் கேட்டதச் சேத்து ஒண்ணு. மூணு தடவ தப்பாப் போட்டா ஒரு வாரம் பூட்டிக்கும், சனிக்கிழமை தாண்டிடும். அதனால குத்துமதிப்பாப் போட்டுப் பாக்காதீங்க. உக்காந்து கேளுங்க மாமா. பதினொண்ணையும்.